இரவின் அரசியும் அவள் மகளும்

மேனாட்டு இசை நாடகமாகிய ஒப்பெராவிலே பாடுவோர்க்கு ஒலிபெருக்கியின் துணை கிடையாது. பல பத்து வாத்தியங்கள் ஒருங்கே முழங்கும்போது, அவற்றை ஊடறுத்துக்கொண்டு, மண்டபத்தின் கடைசி வரிசையில் இருப்பவர் செவிக்கும் குரல் சென்று எட்டவேண்டும். இதற்குத் தொண்டையின் வலிமை மட்டும் போதாது. மூச்சை அடக்கி ஆளும் நீண்ட பயிற்சி வேண்டும்.

பெண்குரல்களுள் மிக உயர்ந்ததைச் சொப்பிரானோ என்பர். அதனுள்ளும் வகைகள் உண்டு. உச்சத் தாயியிலே நின்று பிருகாக்களை மணிமணியாக உதிர்க்கும் மெல்லிய குரல் ஒருவகை. நீண்ட இசைத்தொடர்களைக் குழைவோடு பாடும் குரல் மற்றொருவகை. வாத்தியப் பெருக்கை எதிர்த்து நிற்கும் கனத்த குரல் பிறிதொருவகை. ஒரு வகையிலே பெயர் பெற்றவர் அதனை விட்டு நீங்க அஞ்சுவது இயல்பு. ஸ்லோவாக்கிய நாட்டுப் பாடகி லூசியா பொப் அவ்வாறு அஞ்சவில்லை.

அவர் 1939ஆம் ஆண்டு நவம்பர் 12ஆம் நாள், இன்று சாகொர்ஸ்கா வெஸ் என வழங்கும் சிற்றூரிலே பிறந்தார். மொராவா ஆற்றங்கரையில் உள்ளது அவ்வூர். ஆற்றின் மறுகரை ஒஸ்திரியா. இசைக்குப் பேர்போன வியன்னா நகரம் அங்கிருந்து நெடுந்தூரமன்று. ஆயினும், இரண்டாம் உலகப் போருக்குப் பின்னர் அந்த ஆறு இரண்டு உலகங்களைப் பிரிக்கும் எல்லையாயிற்று. நினைத்தவர் நினைத்தவாறு கடக்கத்தக்க எல்லையன்று அது.

பிராட்டிஸ்லாவாவிலுள்ள கலைக் கழகத்திலே லூசியா சேர்ந்தது நடிப்புப் பயில்வதற்கே. குரற்பயிற்சியும் உடன் தொடங்கியபோது, சொப்பிரானோவிலும் தாழ்ந்த மெற்சோ வகையிலேயே அவர் பாடினார். பயிற்சி முதிர முதிர, மேற்றாயியில் எதிர்பாராத ஓர் உயரம் திறந்துகொண்டது. இருபத்து மூன்றாம் வயதில் பிராட்டிஸ்லாவா மேடையிலே அவர் அரங்கேறியபோது ஏற்ற பாத்திரம், மொசாட்டின் 'மாயப் புல்லாங்குழல்' நாடகத்தில் வரும் இரவின் அரசி.

இப்பாத்திரத்தைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். 1791இல் வியன்னாவில் முதன்முதலாக நடிக்கப்பெற்றது அந்நாடகம். அன்று அரசியாகப் பாடியவர் மொசாட்டின் மைத்துனியான யோசெபா கோபர். அரசிக்கு உரிய தனிப்பாடல்கள் இரண்டே இரண்டு. தன் பகைவனைக் கொன்றுவருமாறு சொந்த மகளான பமீனாவின் கையிலே கத்தியைக் கொடுத்து, மறுத்தால் நீ என் மகளல்லள் என்று சீறும் பாடல் இரண்டாவது. கோபம் சொல்லைக் கடந்து வெறும் சுரமாகிப் பாய்கின்றது. மனிதக் குரல் அரிதிலே தொடக்கூடிய உச்சச் சுரத்தை மீண்டும் மீண்டும் தொட்டு மீளவேண்டும். ஓரிடம் வழுவினாலும் கேட்போர் அனைவருக்கும் தெரிந்துவிடும்.

1963இல் கேபேட் வொன் கராயன் அழைக்க, லூசியா வியன்னா அரச ஒப்பெராவிலே சேர்ந்தார். அங்கு முதலிற் கிடைத்தது 'பிகாரோவின் திருமணம்' என்ற நாடகத்தில் பார்பரீனா எனும் சிறு வேடம். அடுத்த ஆண்டிலே இலண்டனில் ஒட்டோ கிளெம்பரர் மாயப் புல்லாங்குழலை இசைத்தட்டிற் பதிவுசெய்தார். நடத்துநர் எண்பதை அணுகிய முதியவர். அரசியாகிய லூசியாவுக்கு இருபத்து நான்கு வயது. அரசியின் தோழியராகப் பாடியவர்களுள் எலிசபெத் சுவாற்ஸ்கொவ், கிறிஸ்தா லுட்விக் ஆகிய புகழ்மிக்க பாடகியர் இருந்தனர். இன்றும் அந்த இசைத்தட்டை விரும்பிக் கேட்போர் பலர். 1966இல் இலண்டன் கொவென்ற் கார்டனிலும், 1967இல் நியூயோர்க் மெட்ரோபொலிட்டனிலும் அவர் முதன்முறை பாடினார். நியூயோர்க்கில் ஏற்றது மீண்டும் அரசி வேடமே; காட்சிகளையும் உடைகளையும் வரைந்தமைத்தவர் ஓவியர் மார்க் சகால்.

உலகம் முழுவதும் அரசியாகவே அழைக்கக் காத்திருந்த வேளையில், 1970களிலே, லூசியா அந்த உச்சச் சுரங்களை விட்டு விலகத் தொடங்கினார். வயது ஏறுந்தோறும் குரலின் நடுப்பகுதி செழிக்கும். உச்சிப்பகுதி தன் எளிமையை இழக்கும். இதனை உணராது பழைய புகழைப் பற்றிக்கொண்டு குரலைக் கெடுத்துக்கொண்டவர்கள் உண்டு. கைதட்டல் எங்கே நிச்சயமோ அங்கிருந்து எழுந்து போவது எளிய செயலா? அவர் அரசியை விட்டு, அவளுடைய மகளான பமீனாவைப் பாடலானார். பமீனாவின் பாடலில் வாணவேடிக்கை எதுவும் இல்லை. துயரம் ஒன்றே உண்டு. 1981இல் பேர்னாட் ஐற்றிங் நடத்திய பதிவிலே லூசியா பமீனாவாகப் பாட, இரவின் அரசியாகப் பாடியவர் பிராட்டிஸ்லாவாவிற் பிறந்த எடித்தா குருபெரோவா. தாயாகப் பாடியவர், மகளாகப் பாடியவரிலும் ஏழு வயது இளையவர்! ஒப்பெராவில் இவையெல்லாம் வியப்பல்ல.

இவ்வாறே பிகாரோவின் திருமணத்தில் முதலிற் பணிப்பெண் சுசானாவையும், பின்னர் அவளுடைய தலைவியாகிய பிரபுவின் மனைவியையும் அவர் பாடினார். எனினும், இம்மாற்றத்தின் பொருள் முழுமையாக விளங்குவது ரிக்காட் ஸ்ராவுசின் 'ரோசாப்பூ வீரன்' நாடகத்திலேதான். அதிலே சோபி என்பவள் மணப்பருவத்துச் சிறுமி. வெள்ளி ரோசாப்பூ ஒன்றைத் தூது கொண்டுவரும் இளைஞனைக் கண்டதும் அவள் மனம் மயங்குகின்றது. அந்த இளைஞனோ, படைத்தலைவரின் மனைவியாகிய ஒரு சீமாட்டியின் காதலன். நள்ளிரவில் எழுந்து வீட்டிலுள்ள மணிக்கூடுகளை எல்லாம் நிறுத்திவிடுபவள் அவள். இளமை கழிகின்றதென்ற கவலை அவளுக்கு. முடிவில் அவளே இளைஞனைச் சோபிக்கு விட்டுக்கொடுக்கின்றாள். 1979இல் மியூனிக்கிலே கார்லொஸ் கிளைபர் நடத்திய நாடகத்தில் லூசியா சோபியாகத் தோன்றினார். அது படமாகவும் எடுக்கப்பெற்றது. பிற்காலத்தில் அவரே அந்தச் சீமாட்டியாகவும் பாடினார். பெற்றுக்கொண்டவளாகப் பாடிய குரலே விட்டுக்கொடுப்பவளாகவும் பாடியது.

அவருடைய குரலுக்கென ஓர் இயல்பு உண்டு. சுரம் எவ்வளவு தூயதாயினும் அதனடியிற் பேச்சின் சாயல் ஒலித்துக்கொண்டிருக்கும். முதலிற் பயின்றது நடிப்பு என்பதனாற் போலும். யனாச்செக்கின் 'தந்திர நரிக்குட்டி' என்ற செக் மொழி ஒப்பெராவை 1981இல் சார்ல்ஸ் மக்கெராஸ் பதிவுசெய்தபோது, நரிக்குட்டியாகப் பாடியவர் அவரே. ஸ்ராவுசின் 'கடைசி நான்கு பாடல்கள்' எனும் தொகுதியையும் கிளவுஸ் தென்ஸ்ரெற்றுடன் பாடிப் பதிவு செய்தார். இவரை முதன்முறை கேட்க விரும்பும் நேயர்கள் அரசியின் பாடலை ஒருபுறம் வைத்து, இந்நான்கினின்றும் தொடங்குதல் நன்று.

மூளையில் உண்டான புற்றுநோயினால், 1993 நவம்பர் 16ஆம் நாள் மியூனிக் நகரிலே அவர் காலமானார். ஐம்பத்து நான்கு வயது நிறைந்து நான்கு நாளே ஆகியிருந்தது. ஸ்லோவாக்கியா தனிநாடாகிய ஆண்டும் அதுவே. பிராட்டிஸ்லாவாவிலே, நைட்டிங்கேற் பறவையின் பெயர் கொண்ட பள்ளத்தாக்கிலுள்ள மயானத்தில் அவர் அடக்கஞ் செய்யப்பெற்றார்.