தண்ணீர் ஊற்றுமுன்பே கரையும் பொடி

தயோடிமோலின் தண்ணீரில் கரையும். எப்போது என்பதில்தான் விஷயம் இருக்கிறது: தண்ணீர் ஊற்றுவதற்கு 1.12 விநாடி முன்னாலேயே கரைந்துவிடும். இந்தப் பொடியைத் தேடி எந்த ஆய்வகத்துக்கும் போக வேண்டாம். ஐசக் அசிமோவ் எழுதி, 1948 மார்ச் மாத 'அஸ்டவுண்டிங் சயன்ஸ் ஃபிக்‌ஷன்' இதழில் வெளிவந்த ஒரு போலி ஆய்வுக் கட்டுரையில் பிறந்த சரக்கு இது. காலத்தைப் புரட்டிப்போடும் கற்பனைப் பொருள்களுக்கு அறிவியல் புனைகதையில் பஞ்சமே இல்லை. பெரும்பாலானவை மந்திரக்கல்லுக்கு விஞ்ஞானச் சட்டை மாட்டியவை. இது அந்த ரகமல்ல. ஒரே ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு, மீதி எல்லாவற்றையும் வேதியியல் முறைப்படியே நடத்திக்கொண்டு போகிறது.

அசிமோவ் அப்போது நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வேதியியலில் முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்துகொண்டிருந்தார். அவர் தினமும் புழங்கியது கேட்டகால் என்ற சேர்மம். நீர்ப்பரப்பில் பட்ட கணத்திலேயே அது மாயமாகிவிடும். இன்னும் கொஞ்சம் வேகம் இருந்தால் படுவதற்கு முன்பே கரைந்துவிடுமே என்று ஒருநாள் தோன்றியிருக்கிறது. ஆய்வேடு எழுதும் வேளையும் நெருங்கியது. கதை எழுதிப் பழகிய கை, ஆய்வேட்டின் வறட்டு நடைக்கு வளையுமா என்ற கவலை. பழகிப் பார்க்கலாமே என்று அட்டவணை, வரைபடம், அடிக்குறிப்பு எல்லாவற்றோடும் இந்தப் போலிக் கட்டுரையை எழுதினார்.

முன்கூட்டியே கரைய என்ன காரணம்? கார்பன் அணு நான்கு பிணைப்புகளை ஏற்படுத்தும் என்று பள்ளியில் படித்திருப்போம். அந்த நான்கும் தாளில் வரைவதுபோலத் தட்டையாக இல்லை, வெளியில் நான்முகியின் முனைகளை நோக்கி விரிந்திருக்கின்றன என்று 1874இல் வான்ட் ஹாஃபும் லெ பெல்லும் தனித்தனியே சொன்னார்கள். இது உண்மை வரலாறு. அசிமோவ் அதற்கு மேல் ஒரு படி ஏறினார். தயோடிமோலினில் உள்ள கார்பன் அணு ஒன்றின் இரண்டு பிணைப்புகள் வழக்கம்போல இருக்க, ஒன்று கடந்த காலத்துக்குள்ளும் மற்றொன்று எதிர்காலத்துக்குள்ளும் நீண்டிருக்கின்றனவாம். எதிர்காலத்துக்குள் நீண்ட பகுதிக்கு வரப்போகும் தண்ணீர் முன்பே எட்டிவிடுகிறது. அது கரையும்போது மற்றதையும் இழுத்துக்கொண்டு போகிறது. முட்டாள்தனம்தான், ஆனால் ஒழுங்கான முட்டாள்தனம்.

சரி, பொடி கரைந்ததைப் பார்த்துவிட்டு, தண்ணீரை ஊற்றாமல் கையை இழுத்துக்கொண்டால்? வாசகருக்கு முதலில் எழும் கேள்வி இதுவே. அசிமோவும் விடவில்லை. ஊற்றுபவர் தயங்கினால் முன்கூட்டிய நேரமும் சுருங்கிவிடும் என்றார். அதைப் பிடித்துக்கொண்டு, மனிதரின் மன உறுதியையே இந்தப் பொடியால் அளக்கலாம் என்று 1953இல் இரண்டாவது கட்டுரை எழுதினார். 1960இல் வந்த மூன்றாவதில், பல கருவிகளைத் தொடராக இணைத்தார். ஒன்றில் பொடி கரைந்ததும் அடுத்ததில் தண்ணீர் விழும். ஒவ்வொரு கட்டத்திலும் இன்னொரு 1.12 விநாடி முந்தும். ஒரு நாளுக்கு 86,400 விநாடி. வகுத்துப் பாருங்கள், சுமார் 77,000 கருவிகள் இருந்தால் நாளை ஊற்றப்போகும் தண்ணீருக்கு இன்றே பொடி கரையும். பொடி கரைந்த பிறகு ஊற்ற மறுத்து ஏமாற்றப் பார்த்தால், புயலோ வெள்ளமோ வந்து இயற்கையே ஊற்றிவிடும். எனக்கு மூன்றிலும் பிடித்த இடம் இதுதான்.

நிஜ இயற்பியல் இதற்கு இடம் தராது. சார்பியல் கோட்பாட்டின்படி, வேகமாகப் பயணிப்பவருக்கும் நின்றுகொண்டிருப்பவருக்கும் தொலைதூர நிகழ்வுகளில் எது முந்தியது என்பதில் கருத்து மாறலாம். ஆனால் ஒன்று மற்றொன்றுக்குக் காரணமாக இருக்க முடிகிற நிகழ்வுகளின் வரிசை யாருக்கும் மாறாது. ஒரே குவளையில் நடக்கும் ஊற்றலும் கரைதலும் அந்த வகை.

கட்டுரையைப் புனைபெயரில் போடுங்கள், தேர்வாளர்கள் பார்த்தால் வம்பு என்று பதிப்பாசிரியர் ஜான் கேம்ப்பெல்லிடம் அசிமோவ் கேட்டிருந்தார். கேம்ப்பெல் மறந்தாரோ, வேண்டுமென்றே செய்தாரோ, அசிமோவின் சொந்தப் பெயரிலேயே அச்சாகிவிட்டது. மே மாதம் வாய்மொழித் தேர்வு. கேள்விகளெல்லாம் முடியும் தறுவாயில், பேராசிரியர் ரால்ஃப் ஹால்ஃபோர்ட் முகத்தில் சிரிப்பே இல்லாமல், தயோடிமோலினின் வெப்ப இயக்கவியல் பண்புகளைப் பற்றிக் கொஞ்சம் சொல்லுங்களேன் என்றார். தோற்கடிக்கப்போகிறவர்கள் கிண்டல் செய்துகொண்டிருக்க மாட்டார்கள் என்று அசிமோவுக்கு உடனே புரிந்துவிட்டது. அடக்க முடியாமல் சிரித்தவரைக் கைத்தாங்கலாக வெளியே கூட்டிப்போக வேண்டியதாயிற்று. பட்டம் கிடைத்தது.

மாட்டிக்கொண்டவர்கள் நூலகர்கள்தான். கட்டுரையின் அடியில் இருந்த ஆய்விதழ்ப் பெயர்களை உண்மையென்று நம்பிய இளம் வாசகர்கள், அவற்றை எடுத்துத் தரச்சொல்லி நியூயார்க் பொது நூலகத்தைப் படாதபாடு படுத்தினார்கள் என்று அசிமோவ் பின்னாளில் எழுதியிருக்கிறார்.