நான்காம் படிவத்தில் தொடங்கும் பாதை: கோடு, வட்டம், சமன்பாடு

நான்காம் படிவத்தில் கூடுதல் கணிதம் எடுத்த பிள்ளை பாதியில் அதை விட்டுவிடுவது நம் வீடுகளில் கேட்டுப் பழகிய செய்திதான். "இது எதுக்குப் பயன்படும்?" என்று பிள்ளை கேட்டால் பெற்றோரிடம் பதில் இருப்பதில்லை. டியூஷனிலும் "தேர்வுக்கு வரும், படி" என்பதோடு சரி. அந்தப் பாடத்தில் 'ஜியோமெத்ரி கோஓர்டினாட்' என்று ஓர் அத்தியாயம் உண்டு. மற்றவை எப்படியோ, இந்த ஒன்று எங்கே போகிறது என்று தெரிந்துகொண்டு முடிவெடுப்பது நல்லது.

பெயரைக் கண்டு பயப்பட வேண்டாம். தமிழ்ப்பள்ளியில் 'அச்சுத்தூரம்' என்று படித்ததுதான் இடைநிலைப்பள்ளியில் மலாய்ப் பெயரோடு வந்து புது ஆளைப் போல நிற்கிறது. எஸ்.டி.பி.எம். கணிதத்தில் அதே பொருள் பகுமுறை வடிவியலாக வளர்கிறது. மூன்றிலும் வேலை ஒன்றுதான்: ஓர் இடத்தை எண்களால் எழுதுவது.

செம்பனைத் தோட்டத்தையே எடுத்துக்கொள்வோம். கன்றுகளை முக்கோண அமைப்பில் 9 மீட்டர் இடைவெளியில் நடுவது வழக்கமான அளவுகளில் ஒன்று. முதல் கன்று (0, 0), அதே நிரையில் அடுத்தது (9, 0). பக்கத்து நிரையில் வரும் கன்று இரண்டுக்கும் நடுவில், இரண்டிலிருந்தும் 9 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும். பைத்தாகரஸ் கணக்கைப் போட்டால் அதன் இடம் ஏறக்குறைய (4.5, 7.8). அதாவது நிரைக்கும் நிரைக்கும் இடையே 9 மீட்டர் தேவையில்லை, 7.8 போதும். சதுரமாக நட்டால் ஒரு ஹெக்டருக்குச் சுமார் 123 மரம். முக்கோணமாக நட்டால் சுமார் 142. கயிறு பிடித்து முளை அடித்த நம் தாத்தாக்கள் தாளில் எழுதாமல் மண்ணில் போட்ட கணக்கு இது.

வடிவத்தைச் சமன்பாடாக எழுதும் இந்த முறையை 1637-இல் பிரெஞ்சு அறிஞர் டெக்கார்ட் நூலாக வெளியிட்டார். அதே காலத்தில் ஃபெர்மாவும் தனியாக அதையே கண்டிருந்தார். நடுப்புள்ளி (0, 0), ஆரம் 5 கொண்ட வட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். எக்ஸ் வர்க்கமும் ஒய் வர்க்கமும் சேர்ந்து 25 வரும் புள்ளிகள் எல்லாம் அந்த வட்டத்தின் மேல் இருக்கும். (3, 4) அதில் இருக்கிறது. (4, 4) இல்லை.

இனி அந்த வட்டத்தின் குறுக்கே படுக்கைக் கோடு ஒன்று போடுவோம். ஒய் = 3 என்றால் எக்ஸ் வர்க்கம் 16. ஆகவே 4, -4 என்று இரண்டு இடங்களில் வெட்டும். ஒய் = 5 என்றால் உச்சியில் ஒரே இடத்தில் தொடும். ஒய் = 7 என்றால் எக்ஸ் வர்க்கம் -24 என்று வருகிறது. படத்தில் கோடு வட்டத்துக்கு மேலே தனியாகப் போகிறது. கோடும் வட்டமும் சந்திக்கவில்லை என்று எழுதிவிட்டு மாணவர் அடுத்த கேள்விக்குப் போய்விடுவார்.

உயர் கணிதம் அங்கேதான் உட்கார்ந்துகொள்கிறது. குறை எண்ணுக்கும் வர்க்கமூலம் தரும் சிக்கலெண்களை அனுமதித்தால் அங்கும் இரண்டு விடை உண்டு. தொடும் புள்ளியை இரண்டாக எண்ணினால் எந்தக் கோட்டுக்கும் விடை இரண்டுதான். 18ஆம் நூற்றாண்டில் பெசூ என்பவர் இதைப் பொதுவாக்கினார். படி 2 உள்ள வளைவும் படி 3 உள்ள வளைவும் 6 புள்ளிகளில் சந்திக்கும். பொதுப் பகுதி எதுவும் இருக்கக்கூடாது, முடிவிலியில் இருக்கும் புள்ளிகளையும் எண்ண வேண்டும், அவ்வளவுதான். இப்படிச் சமன்பாட்டின் வழியே வடிவத்தை அறிவதுதான் இயற்கணித வடிவியல்.

எல்லா வளைவும் இதற்குள் அடங்குவதில்லை. அலை போன்ற சைன் வளைவு படுக்கை அச்சை எண்ணற்ற இடங்களில் வெட்டுகிறது. படி 3 உள்ள சமன்பாட்டின் வளைவு ஒரு கோட்டை மூன்று இடங்களுக்கு மேல் வெட்டாது, அந்தக் கோடே வளைவின் பகுதியாக இருந்தால் தவிர. எனவே சைன் வளைவை எழுத முடிவில்லாமல் நீளும் தொடர் வேண்டும். இத்தகைய தொடர்களால் ஆன வடிவங்களை ஆராய்வதற்கும் பகுமுறை வடிவியல் என்றே பெயர். பள்ளிப் பாடத்துக்கும் ஆய்வுத் துறைக்கும் ஒரே பெயர்! தமிழ் படித்த எனக்கு நிகண்டில் ஒரு சொல்லுக்குப் பல பொருள் பார்த்த நினைவு வந்தது.

முடிவிலிப் புள்ளிகளையும் சேர்த்து மூடிய வெளியில் இந்த இரண்டு வடிவியலும் ஒன்றையே சொல்கின்றன என்று 1956-இல் பிரான்சின் செர் நிறுவினார்.

அடுத்த பெரிய பாலங்களில் ஒன்றைக் கட்டியவர்கள் இரண்டு தமிழர்கள். காஞ்சிபுரத்தில் பிறந்த சி.எஸ். சேஷாத்ரி, அன்றைய வட ஆர்க்காட்டின் தண்டரை கிராமத்தில் பிறந்த எம்.எஸ். நரசிம்மன். இருவரும் பிறந்தது 1932. சென்னை லொயோலா கல்லூரியில் பாதிரியார் ரசீனிடம் படித்து, பிறகு பம்பாயின் டாட்டா ஆய்வு நிலையத்தில் சேர்ந்தவர்கள். மெதுவடையின் மேற்பரப்பை நினைத்துக்கொள்ளுங்கள். அதன் ஒவ்வொரு புள்ளியிலும் ஒரு வெளியைப் பொருத்தினால் அது ஒரு கற்றை. கற்றை நிலையானதா என்பது இயற்கணிதக் கேள்வி. ஓட்டையைச் சுற்றித் திரும்பி வரும்போது அந்த வெளி எப்படிச் சுழன்றிருக்கிறது என்பது வேறு கேள்வி. குறிப்பிட்ட ஒரு வகைக் கற்றைகளுக்கு இரண்டு கேள்விக்கும் விடை ஒன்றே என்பது 1965-இல் வெளிவந்த நரசிம்மன்-சேஷாத்ரி தேற்றம். ஓட்டைகள் கூடினாலும் அது பொருந்தும். 1983-இல் டொனால்ட்சன் இதற்குப் புதிய நிறுவல் தந்தார். சேஷாத்ரி கர்நாடக இசை பாடியவர் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

இந்தத் துறைக்கு வர விரும்பும் மாணவர் இளங்கலையில் நேரியல் இயற்கணிதம், நுண் இயற்கணிதம், சிக்கலெண் பகுப்பாய்வு, இடத்தியல் ஆகியவற்றைப் படித்தாக வேண்டும். இயற்கணித வடிவியல் பெரும்பாலும் முதுகலையில்தான் வருகிறது. அதற்கு முந்திய படி எஸ்.டி.பி.எம். அல்லது மெட்ரிகுலேஷன் கணிதம். அதற்கும் முந்தியது, பாதியில் விடத் தோன்றும் அந்தக் கூடுதல் கணிதம்.

ஜியோஜீப்ரா என்ற இலவசச் செயலி கைப்பேசியிலேயே கிடைக்கிறது. பிள்ளையை அதில் மேலே சொன்ன வட்டத்தை எழுதச் சொல்லுங்கள். பிறகு ஒய் = 7 என்ற கோட்டைப் போட்டு, 7-ஐக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்கட்டும். 5 வந்ததும் கோடு வட்டத்தைத் தொடும்.