பட்டம் செல்லுமா?

ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்து அங்கத்தினர்கள், மாம்பழமும் ரோஜாவும் விற்ற பணத்தையும் தறிக் கூலியையும் சிறுகச் சேர்த்துப் பிள்ளைகளைப் பட்டப் படிப்பில் சேர்க்கின்றனர். பட்டமும் கிடைத்து, அரசாங்க உத்தியோகத்துக்கான தேர்விலும் தேறிய பின்னர், சான்றிதழ் சரிபார்க்கும் மேசையில் "இது செல்லாது" என்னும் சொல்லைக் கேட்டுத் திரும்பியவர் சிலரை நாம் அறிவோம். அச் சொல் எதனால் பிறக்கிறது என்பதை இங்கு விளக்க விரும்புகிறோம்.

பட்டம் வழங்கும் உரிமை எல்லா நிறுவனத்துக்கும் உரியதன்று. மத்திய அல்லது மாநிலச் சட்டத்தால் நிறுவப்பட்ட பல்கலைக் கழகம், நிகர்நிலைப் பல்கலைக் கழகம், பாராளுமன்றம் அதிகாரம் அளித்த நிறுவனம் ஆகியவையே பட்டம் அளிக்கலாம் என்று 1956-ஆம் ஆண்டின் பல்கலைக் கழக மானியக் குழுச் சட்டத்தின் 22-ஆம் பிரிவு கூறுகிறது. மாநிலச் சட்டத்தால் பிறந்த பல்கலைக் கழகத்துக்கு அம் மாநிலமே எல்லை. சத்தீஸ்கரில் ஒரே சட்டத்தின் கீழ்த் தோன்றிய ஏராளமான தனியார் பல்கலைக் கழகங்களை உச்ச நீதி மன்றம் 2005-இல் செல்லாதனவாக்கிய வழக்கிலும் இக் கருத்து வலியுறுத்தப்பட்டது.

எல்லையோரத்தில் வாழும் நமக்கு இது மிக முக்கியமானது. அத்திப்பள்ளியைக் கடந்து பெங்களூர்க் கல்லூரியில் நேரில் படித்துப் பெறும் முறையான பட்டத்துக்கு, எல்லை கடந்தது என்பதனால் மட்டும் குறை வருவதில்லை. தொலைநிலைக் கல்வியிலேதான் சிக்கல். மைசூரில் 1996-இல் தொடங்கிய கர்நாடக மாநிலத் திறந்தநிலைப் பல்கலைக் கழகம், தனியார் நிறுவனங்களுடன் கூடிப் பிற மாநிலங்களிலும் பாடங்களை நடத்தியது. அதன் அங்கீகாரம் 2012-13-ஆம் கல்வி ஆண்டுக்கு மேல் இல்லை என்று மானியக் குழு 2015-இல் அறிவித்தது. மீண்டும் அங்கீகாரம் கிடைத்தது 2018-19 முதற்கொண்டுதான். பல்கலைக் கழகம் அரசாங்கத்துடையதே. எனினும் இடைப்பட்ட ஆண்டுகளில் சேர்ந்த மாணவர்கள் பெரும் இன்னலுக்கு ஆளாயினர். நிறுவனத்தின் பெயர் மட்டும் போதாது. சேர்ந்த ஆண்டும் சேர்ந்த பாடமும் அங்கீகாரத்துக்குள் அடங்கியிருத்தல் வேண்டும். அவ்வாறு அடங்கிய தொலைநிலைப் பட்டம் நேரடிப் பட்டத்துக்குச் சமமே என்று மானியக் குழு 2022-இல் தெளிவுபடுத்தியுள்ளது. இணையவழிப் பாடத்துக்கு மாநில எல்லைக் கட்டு இல்லை. ஆயினும் அதற்கும் தனி அனுமதி வேண்டும்.

அடுத்தது, படிப்பின் வரிசை. பத்தாம் வகுப்பு, மேனிலை வகுப்பு அல்லது டிப்ளோமா, அதன் பின் பட்டம் என்னும் ஒழுங்கில் படித்திருக்க வேண்டும் என்று தமிழ்நாட்டு அரசாங்கப் பணி விதிகள் கேட்கின்றன. இளங்கலைப் பட்டம் இல்லாமலே திறந்தநிலைக் கல்வியில் பெற்ற முதுகலைப் பட்டத்தை, அண்ணாமலைப் பல்கலைக் கழக வழக்கில் 2009-இல் உச்ச நீதி மன்றம் ஏற்கவில்லை. பத்தாம் வகுப்போடு நின்று சிப்காட் ஆலையில் சேர்ந்த இளைஞர், மேனிலைத் தேர்வு எழுதாமல் நுழைவுத் தேர்வின் மூலமாகத் திறந்தநிலைப் பட்டம் பெறுவதுண்டு. இரவு ஷிப்டு முடிந்து கண் விழித்துப் படித்த அவரது உழைப்பு சரிபார்ப்பு மேசையில் கணக்கில் வருவதில்லை. விதி கடுமையானது என்பதே நமது அபிப்பிராயம். ஆயினும் அது மாறும் வரையில், பட்டத்துக்கு முன்பே மேனிலைத் தேர்வைத் தனித் தேர்வராக எழுதி முடிப்பது நலம். பட்டத்துக்குப் பின் எழுதினால் வரிசை பிறழ்ந்ததாகிவிடும்.

கூட்டுறவு நிறுவனங்களின் உதவியாளர் பதவிகளுக்கும் இவ் வரிசையே கேட்கப்படுகிறது. கூட்டுறவுப் பயிற்சியும் உடன் வேண்டும். பாடத்தின் பெயர் அறிவிக்கையில் உள்ளதற்கு மாறுபட்டால், இரண்டும் சமம் என்னும் அரசாணை அறிவிக்கை நாளிலோ அதற்கு முன்போ வெளியாகியிருத்தல் வேண்டும். தெலுங்கோ கன்னடமோ தாய்மொழியாக உள்ள குடும்பத்தார் மற்றொன்றையும் நினைவில் கொள்க: 2021 டிசம்பர் ஆணைக்குப் பின், தேர்வாணையப் போட்டித் தேர்வுகளில் தமிழ்த் தகுதித் தாளில் 40 விழுக்காடு பெறாதார் விடைத்தாள்கள் மேற்கொண்டு மதிப்பிடப்படுவதில்லை.

எனவே கட்டணம் செலுத்துமுன், மானியக் குழுவின் தொலைநிலைக் கல்விப் பிரிவு வெளியிடும் பட்டியலில் நிறுவனம், பாடம், ஆண்டு ஆகிய மூன்றையும் ஒத்துப் பார்க்கவும். முகவர் காட்டும் நகலை நம்பாது, அப் பக்கத்தைத் தாமே அச்செடுத்து, கட்டண ரசீதோடும் சேர்க்கைக் கடிதத்தோடும் பத்திரப்படுத்திக் கொள்ளவும்.