நோக்கமா, விளைவா? சவுத் சிட்னி ராபிட்டோஸ் வெளியேற்றமும் மீட்சியும்

1999 அக்டோபர் 15 அன்று, ஆஸ்திரேலியாவின் தேசிய ரக்பி லீக் நிர்வாகம் அடுத்த ஆண்டுப் போட்டியில் ஆடவிருக்கும் 14 அணிகளை அறிவித்தது. அந்தப் பட்டியலில் சவுத் சிட்னி ராபிட்டோஸ் இல்லை. 1908இல் போட்டி தொடங்கிய முதல் ஆண்டிலிருந்தே ஆடிவந்த அணி அது. அதுவரை 20 முறை பட்டம் வென்றிருந்தது. வேறெந்த அணியும் அந்த எண்ணிக்கையை எட்டியதில்லை. வருவாய் போதவில்லை என்ற கணக்கின் அடிப்படையில், சிட்னியின் உழைக்கும் மக்களும் பூர்வகுடி மக்களும் தம்முடையதாகக் கருதிய அணி வெளியே நிறுத்தப்பட்டது.

விளையாட்டுச் செய்தியாக மட்டும் படித்துக் கடந்துவிடக்கூடிய நிகழ்வு அன்று இது. ஒரு சமூகத்தைப் பொதுவெளியிலிருந்து அகற்றுவோர் “எங்கள் நோக்கம் அதுவன்று” என்று சொல்லும்போது சட்டம் என்ன செய்யும், மக்கள் என்ன செய்ய முடியும் என்ற கேள்விகளுக்கு இந்த அணியின் வரலாறு விடை தருகிறது.

கூலி கேட்டவர்களின் ஆட்டம்

ரக்பி லீக் என்ற ஆட்டமே ஒரு கூலிப் பிரச்சினையில் பிறந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் ரக்பி ஆடுவோர் பணம் பெறக்கூடாது என்பது விதி. செல்வர்களுக்கு இதனால் இழப்பேதும் இல்லை. வடபகுதியின் சுரங்கத் தொழிலாளருக்கும் ஆலைத் தொழிலாளருக்கும் நிலைமை வேறு. சனிக்கிழமை ஆடச் சென்றால் அன்றைய கூலி போய்விடும். அடிபட்டால் வாரக் கூலியே போய்விடும். இழந்த கூலியை ஈடுசெய்ய வேண்டும் என்ற கோரிக்கை மறுக்கப்பட்டபோது, 1895 ஆகஸ்ட் 29 அன்று ஹடர்ஸ்ஃபீல்டு நகரின் ஜார்ஜ் ஓட்டலில் கூடிய வடபகுதிச் சங்கங்கள் தனி அமைப்பைத் தொடங்கின. பின்னாளில் 13 பேர் ஆடும் ரக்பி லீக்காக வளர்ந்தது அதுவே.

“பணத்துக்காக ஆடாதவரே தூய ஆட்டக்காரர்” என்ற விதி, சொல்லளவில் எல்லோருக்கும் பொதுவானதுதான். நடைமுறையில் அது ஏழையை மட்டுமே வெளியேற்றியது. தூய்மையின் பெயரால் எழுதப்படும் விதிகள் யாரை வெளியே நிறுத்துகின்றன என்பது நமக்குப் புதிய செய்தியன்று.

சிட்னியிலும் இதே கதை நடந்தது. 1907இல் அலெக் பர்டன் என்ற வீரர் தோளில் காயமடைந்து வேலைக்குச் செல்ல முடியாமல் போனார். ரக்பி நிர்வாகம் அவருக்கு இழப்பீடு தரவில்லை. அந்த அதிருப்தியும் சேர்ந்து அதே ஆண்டில் நியூ சவுத் வேல்ஸ் ரக்பி லீக் உருவானது. 1908 ஜனவரி 17 அன்று, ரெட்ஃபெர்ன் நகர மண்டபத்தில் சவுத் சிட்னி அணி தோற்றுவிக்கப்பட்டது.

முயல் விற்றவர்கள்

இரயில்வே பணிமனைகளும் தொழிற்சாலைகளும் நெருக்கமான வரிசை வீடுகளும் கொண்ட பகுதி ரெட்ஃபெர்ன். அங்கே தெருத்தெருவாக முயல் இறைச்சி விற்றவர்கள் கூவிய கூவலே ‘ராபிட்டோ’. சவுத் சிட்னி வீரர்கள் சிலர் சனிக்கிழமை காலையில் முயல் விற்றுவிட்டு, இரத்தக்கறை படிந்த சட்டையோடு ஆட வந்தார்கள் என்றும், எதிரணியினர் அதைச் சொல்லி ஏளனம் செய்தார்கள் என்றும் அணியின் மரபு கூறுகிறது. இப்பெயருக்கு வேறு விளக்கங்களும் உண்டு. எப்படியாயினும், தொழிலைச் சுட்டும் ஓர் ஏளனச் சொல்லை அந்த அணி தன் சின்னமாகவே ஏற்றுக்கொண்டது.

1908இல் முதல் இறுதியாட்டத்தில் ஈஸ்டர்ன் சபர்ப்ஸ் அணியை 14–12 என்ற கணக்கில் வென்று சவுத்ஸ் முதல் பட்டத்தைப் பெற்றது. 1925இல் ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை. 1925 முதல் 1929 வரை தொடர்ந்து ஐந்து பட்டங்கள். 1950களில் ஐந்து; 1967, 1968, 1970, 1971 ஆகிய ஆண்டுகளில் மேலும் நான்கு.

உடைந்த கை, உடைந்த தாடை

இந்த அணியின் நாயகர்களைப் பற்றிய கதைகள் பெரும்பாலும் வலியைத் தாங்கியவர்களின் கதைகள். கிளைவ் சர்ச்சில் உருவத்தில் சிறியவர். ‘லிட்டில் மாஸ்டர்’ என்று அழைக்கப்பட்டவர். 1955இல் மேன்லி அணிக்கு எதிரான ஆட்டத்தில் அவரது கை முறிந்தது. இடைவேளையில் ஒரு பயிற்சி நோட்டின் அட்டையைக் கட்டி முட்டுக்கொடுத்துக்கொண்டு மீண்டும் களமிறங்கி, இறுதியில் வெற்றிப் புள்ளிகளை உதைத்தார். சவுத்ஸ் 9–7 என்று வென்றது. தொடர்ந்து அவ்வாண்டுப் பட்டத்தையும் வென்றது. இறுதியாட்டத்தின் சிறந்த வீரருக்கு இன்று வழங்கப்படும் பதக்கம் அவர் பெயரைத் தாங்கியது. 1967 முதல் 1971 வரை வென்ற நான்கு பட்டங்களின்போதும் பயிற்சியாளர் அவரே.

1970 இறுதியாட்டம் தொடங்கிய சில நிமிடங்களிலேயே அணித்தலைவர் ஜான் சேட்லரின் தாடை உடைந்தது. அவர் களத்தைவிட்டு வெளியேறவில்லை. ஆட்டம் முடியும்வரை ஆடினார். மேன்லி 23–12 என்று தோற்றது. பாப் மெக்கார்த்தி, ரான் கூட், ஜார்ஜ் பிகின்ஸ் ஆகியோரும் அக்காலத்து வீரர்களே.

ஆனால் அந்த 23 புள்ளிகள் எவ்வாறு வந்தன என்று பார்த்தால் இன்னொரு பெயர் முன்னே வருகிறது: எரிக் சிம்ஸ். காருவா என்ற சிற்றூரிலிருந்து வந்த பூர்வகுடி வீரர். ஆட்டப்போக்கிலேயே பந்தைத் தரையில் விட்டு, அது எழும்பும் நொடியில் உதைத்து, கம்பங்களுக்கு நடுவே செலுத்துவது ‘ஃபீல்டு கோல்’. அந்த இறுதியாட்டத்தில் சிம்ஸ் அவ்வாறு நான்கு முறை செலுத்தினார். ஒவ்வொன்றுக்கும் அப்போது இரண்டு புள்ளிகள். அடுத்த ஆண்டில் அது ஒரு புள்ளியாகக் குறைக்கப்பட்டது. அந்த விதி மாற்றத்துக்குச் சிம்ஸின் கால்களே காரணம் என்று ரக்பி லீக் இரசிகர்கள் இன்றும் சொல்வார்கள். 1968 உலகக் கோப்பையில் மிகுதியான புள்ளிகள் எடுத்தவரும் அவரே.

சிம்ஸ் முதல் பட்டம் வென்ற 1967ஆம் ஆண்டில்தான், மக்கள்தொகைக் கணக்கில் பூர்வகுடிகளைச் சேர்க்கக்கூடாது என்றிருந்த அரசமைப்புப் பிரிவு பொதுவாக்கெடுப்பின் மூலம் நீக்கப்பட்டது. புள்ளிகளை எண்ணத் தெரிந்த நாடு, அப்புள்ளிகளை எடுத்தவரின் மக்களை எண்ண அதுவரை மறுத்துவந்தது.

ரெட்ஃபெர்ன்: ஆடுகளமும் அரசியற்களமும்

வேலை தேடி நகருக்கு வந்த பூர்வகுடி மக்கள் ரெட்ஃபெர்னில் குடியேறினார்கள். ‘ரெட்ஃபெர்ன் ஆல் பிளாக்ஸ்’ என்ற பூர்வகுடி அணி அங்கே வளர்ந்தது. சவுத் சிட்னி வட்டாரப் போட்டிகளில் ஆடியது. திறமையிருந்தும் பெரிய அணிகளின் தேர்வாளர்கள் கண்ணில் படாத பூர்வகுடி வீரர்களுக்காக, 1971இல் சிட்னியின் செயின்ட் பீட்டர்ஸ் பகுதியில் ‘கூரி நாக்அவுட்’ போட்டி தொடங்கப்பட்டது. இன்று அது ஆண்டுதோறும் பூர்வகுடி மக்கள் ஆயிரக்கணக்கில் ஒன்றுகூடும் திருவிழா.

இதே காலத்தில், காவல்துறையின் தொடர் துன்புறுத்தலை எதிர்கொள்ள, 1970இல் ரெட்ஃபெர்னில் பூர்வகுடி மக்களுக்கான சட்ட உதவி மையம் உருவானது. ஆஸ்திரேலியாவில் அவ்வகையில் அதுவே முதலாவது. அடுத்த ஆண்டு மருத்துவ மையம் வந்தது. ஆடுகளத்தில் கூடியவர்களும் இம்மையங்களைக் கட்டியவர்களும் ஒரே தெருக்களில் வாழ்ந்தவர்கள். 1992 டிசம்பர் 10 அன்று பிரதமர் பால் கீட்டிங், பூர்வகுடிகளின் நிலத்தைப் பறித்ததையும் குழந்தைகளைப் பிரித்ததையும் வெள்ளையர் சமூகத்தின் செயல்களாக வெளிப்படையாக ஒப்புக்கொண்டு உரையாற்றியது ரெட்ஃபெர்ன் பூங்காவில். சவுத்ஸ் நெடுங்காலம் ஆடிய மைதானம் அந்தப் பூங்காவுக்குள்ளேதான் இருக்கிறது.

வெளியேற்றமும் வழக்கும்

1990களில் கட்டணத் தொலைக்காட்சி வந்தது. ஒளிபரப்பு உரிமைக்காக ரூபர்ட் முர்டோக்கின் நியூஸ் லிமிடெட் நிறுவனம் தனிப் போட்டியை உருவாக்கியது. 1997இல் இரு போட்டிகள் தனித்தனியே நடந்தன. அவ்வாண்டு இறுதியில் இரு தரப்பும் சமரசம் செய்துகொண்டன. 2000ஆம் ஆண்டில் 14 அணிகளே ஆட வேண்டும் என்பது அதன் நிபந்தனை. சில பழைய அணிகள் ஒன்றோடொன்று இணைந்து தப்பின. சவுத்ஸ் இணைய மறுத்தது, வெளியேற்றப்பட்டது.

அப்போது அணியின் தலைவராக இருந்தவர் முன்னாள் வீரர் ஜார்ஜ் பிகின்ஸ். அவர் தலைமையில் வழக்கு தொடரப்பட்டது. மக்கள் தெருவில் இறங்கினார்கள். 2000 நவம்பர் 12 அன்று ஏறத்தாழ 80,000 பேர் ரெட்ஃபெர்னிலிருந்து சிட்னி நகர மண்டபம் நோக்கி அணிவகுத்தார்கள். அதற்குச் சில நாள்கள் முன்புதான் கூட்டாட்சி நீதிமன்றத்தின் தனி நீதிபதி வழக்கைத் தள்ளுபடி செய்திருந்தார் என்பதை நாம் கவனிக்க வேண்டும். தோற்ற பிறகு திரண்ட கூட்டம் அது.

வழக்கு இனப்பாகுபாட்டுச் சட்டத்தின் கீழ் தொடரப்பட்டதன்று. 1974ஆம் ஆண்டின் வணிக நடைமுறைகள் சட்டத்தின் கீழ் தொடரப்பட்டது. ஒருவரோடொருவர் போட்டியிடும் நிறுவனங்கள் தமக்குள் கூடிப் பேசி, குறிப்பிட்ட சிலருக்குச் சேவை கிடைக்காமல் செய்யும் நோக்கத்தோடு உடன்பாடு செய்துகொண்டால், அந்த உடன்பாடு செல்லாது என்கிறது அச்சட்டம். ‘14 அணிகள்’ என்ற நிபந்தனை அத்தகையதே என்பது சவுத்ஸின் வாதம். 2001 ஜூலை 6 அன்று மேல்முறையீட்டில் மூன்று நீதிபதிகளில் இருவர் அதை ஏற்றனர். 2002இல் அணி களம் திரும்பியது.

ஆனால் 2003 ஆகஸ்ட் 13 அன்று ஆஸ்திரேலிய உயர் நீதிமன்றம், நான்குக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் அத்தீர்ப்பை மாற்றியது. பொருளாதார அடிப்படையில் நிலைத்து நிற்கும் போட்டியை நடத்துவதே 14 அணிகள் என்ற நிபந்தனையின் நோக்கம். ஓர் அணி வெளியேற நேர்ந்தது அதன் விளைவு மட்டுமே என்றது பெரும்பான்மை. நீதிபதி மைக்கேல் கர்பி மட்டும் மாறுபட்டார்.

நோக்கத்தை நிரூபிக்கும் சுமை

இந்த இடத்தில் நாம் சற்று நிற்க வேண்டும். வெளியேற்றுவோர் தம் நோக்கத்தை எழுதி வைப்பதில்லை. செலவு, தகுதி, தரம், இடமின்மை என்ற சொற்களே கோப்புகளில் இருக்கும். நோக்கத்தை நிரூபிக்கும் சுமை வெளியேற்றப்பட்டவர் தலையில் விழும்போது, விளைவு கண்ணெதிரே நின்றாலும் வழக்கு தோற்கும்.

நம் சட்ட அனுபவமும் இதைச் சொல்கிறது. 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம், பிரிவு 3(2)(v), பாதிக்கப்பட்டவர் பட்டியல் சாதியினர் அல்லது பழங்குடியினர் ‘என்ற காரணத்தினால்’ குற்றம் இழைக்கப்பட்டிருக்க வேண்டும் என்றிருந்தது. குற்றம் நிரூபணமான பின்னும், சாதியே காரணம் என்பது நிரூபிக்கப்படவில்லை என்று அப்பிரிவின் கீழான தண்டனைகள் நீக்கப்பட்ட வழக்குகள் பல. 2016 ஜனவரி 26 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தம் அச்சொற்களை மாற்றியது: பாதிக்கப்பட்டவர் யார் என்பதை ‘அறிந்தே’ செய்திருந்தால் போதும். குற்றவாளியின் மனத்துக்குள் இருக்கும் காரணத்தைத் தேடும் சுமை அங்கே குறைந்தது. 2021இல் நிதிஷா வழக்கில் நம் உச்ச நீதிமன்றம், மறைமுகப் பாகுபாட்டை ஆராயும்போது நோக்கத்தைவிட விளைவையே பார்க்க வேண்டும் என்று கூறியது. சவுத்ஸ் வழக்கு வணிகச் சட்டத்தைப் பற்றியது, நம்முடையவை குற்றவியல் சட்டத்தையும் சமத்துவ உரிமையையும் பற்றியவை. எனினும் கேள்வி ஒன்றே: எதை நிரூபிக்கச் சொல்கிறது சட்டம்?

திரும்பிய பின்

உயர் நீதிமன்றத்தில் வென்ற பிறகும் நியூஸ் லிமிடெட் சவுத்ஸை மீண்டும் வெளியேற்றவில்லை. தீர்ப்பு அதற்கு வழிவிட்டிருந்தது. மக்கள் திரட்சி வழிவிடவில்லை. மேல்முறையீட்டு வெற்றி இரண்டாண்டு அவகாசம் தந்தது. அந்த அவகாசத்தில் அணி மீண்டும் ஊன்றிக்கொண்டது. சட்டப் போராட்டத்தின் பயனை இறுதித் தீர்ப்பை மட்டும் வைத்து அளக்கக்கூடாது என்பதற்கு இது சான்று.

ஆனாலும் பணத்தின் கேள்வி ஓயவில்லை. 2006இல் நடிகர் ரசல் குரோவும் தொழிலதிபர் பீட்டர் ஹோம்ஸ் ஆ கோர்ட்டும் அணியின் 75 விழுக்காட்டுப் பங்கை வாங்க முன்வந்தார்கள். அணியை மீட்ட பிகின்ஸே அதை எதிர்த்தார். தேவையான நான்கில் மூன்று பங்கு வாக்குகளை மயிரிழையில் தாண்டி அம்முடிவு நிறைவேறியது. உறுப்பினர்களிடம் எஞ்சியது 25 விழுக்காடு.

2014 அக்டோபர் 5 அன்று, 43 ஆண்டுகளுக்குப் பிறகு, சவுத்ஸ் தன் 21ஆம் பட்டத்தை வென்றது. முதல் மோதலிலேயே கன்ன எலும்பு முறிந்த சாம் பர்ஜெஸ் இறுதிவரை ஆடி, சர்ச்சில் பதக்கத்தைப் பெற்றார். கடைசிப் புள்ளிகளை எடுத்த பூர்வகுடி வீரர் கிரெக் இங்லிஸ் தரையில் உடும்பைப்போல் ஊர்ந்து காட்டினார். தம் மக்களின் அடையாளத்தை ஆடுகளத்தின் நடுவே அவர் நிறுத்திய முறை அது.

வெற்றிகள் இழிவை முடித்துவைக்கவில்லை. 2023இல் அணியின் பூர்வகுடி வீரர் லட்ரெல் மிட்செல் மைதானத்திலேயே இனவெறி வசவுக்கு ஆளானார். அவர் அதைக் கடந்து செல்லாமல் முறையிட்டார். விசாரணை நடந்தது, வசைபாடியவருக்குத் தடை விதிக்கப்பட்டது. சிம்ஸின் காலத்தில் இப்படி முறையிட ஓர் இடம் இருக்கவில்லை. அந்த இடம் தானாக வரவில்லை. ரெட்ஃபெர்னின் தெருக்களில் சட்ட மையம் கட்டியவர்களும், தனிப் போட்டி நடத்தியவர்களும், தோற்ற வழக்குக்குப் பிறகும் திரண்ட 80,000 பேரும் சேர்ந்து உருவாக்கியது. வழக்காடுவோரும் வீதியில் நிற்போரும் ஒருவருக்கொருவர் மாற்று அல்லர். இருவரும் தேவை.