ஆணையும் கையும்: ஒரு மௌனப்படம் பற்றி

ஃப்ரிட்ஸ் லாங் 1921இல் ஜெர்மனியில் எடுத்த மௌனப்படம் 'டெர் ம்யூடே டோட்'. களைத்துப்போன மரணம் என்று பொருள். உலகப்போர் முடிந்து மூன்றே வருஷம் ஆகியிருந்தது. 'விதியை வெல்ல முடியாது' என்பதுதான் படம் என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள். அவ்வளவுதானா என்பது என் கேள்வி.

காதலனை மரணம் கொண்டுபோய்விடுகிறது. திருப்பித் தா என்று காதலி போய் நிற்கிறாள். அணையப்போகும் மூன்று மெழுகுவர்த்திகளைக் காட்டி, ஒன்றையாவது காப்பாற்று, தருகிறேன் என்கிறது மரணம். கலீபாவின் நகரம், வெனிஸ், சீனம் என மூன்று கதைகள். மூன்றிலும் தோற்கிறாள்.

அங்கே கொலைகள் எப்படி நடக்கின்றன என்று பாருங்கள். பின்னால் இருப்பவர்கள் கலீபா, வெனிஸ் பிரபு, சீனப் பேரரசன். காரியத்தை முடிப்பவர்களோ தோட்டக்காரன், வேலைக்காரன், வில்லாளி. இவர்களில் தோட்டக்காரனாகவும் வில்லாளியாகவும் வருவது மரணமாக நடித்த அதே பெர்ன்ஹார்ட் கோட்ஸ்கே. ஆக மரணம் இங்கே எஜமானன் இல்லை; ஆணைக்குக் கட்டுப்பட்டு அலுத்துப்போன ஊழியன். அதிகாரம் செய்த கொலைக்குத்தான் விதி என்று பெயர் வைத்திருக்கிறோம்.

கடைசியில் இன்னொரு பேரம்: ஒரு மணி நேரத்துக்குள் வேறொரு உயிர் கொண்டுவா. கிழவர்கள்கூடத் தரமாட்டேன் என்கிறார்கள். தீப்பிடித்த கட்டடத்துக்குள் ஒரு குழந்தை அவள் கைக்குக் கிடைக்கிறது. மரணம் கை நீட்டுகிறது. அவள் கொடுக்கவில்லை; குழந்தையைத் தாயிடம் இறக்கிவிட்டுத் தான் சாகிறாள்.

இதைச் சரணாகதி என்று வாசிக்க என்னால் முடியவில்லை. கேட்ட உயிரைக் கொடுத்திருந்தால் அவள் நான்காவது ஊழியன் ஆகியிருப்பாள். முடியாது என்று சொன்ன கை படத்தில் அது ஒன்றுதான்.