நடித்துக் காட்டச் சொன்ன அரசு

ருமேனியத் திரைப்பட இயக்குநர் லூச்சியான் பின்டிலியே (1933–2018), ஏறக்குறைய நாற்பதாண்டுக் காலத்தில் பத்துப் படங்கள் அளவிலேயே எடுத்தார் என்பதற்கு அவருடைய சோம்பல் காரணமன்று. நிக்கொலாய் சௌசெஸ்குவின் பொதுவுடைமைக் கட்சி ஆட்சி அவரைத் தன் நாட்டிலேயே வேலை செய்யவிடாமல் வைத்திருந்ததே காரணம். இன்று உக்ரைனுக்குள் இருக்கும் டாருடினோ என்னும் ஊரில் பிறந்த அவர், புக்கரெஸ்டின் புலாந்திரா நாடக அரங்கில் இயக்குநராகப் பெயர் பெற்ற பின்னரே திரைப்படத்துக்கு வந்தார்.

ஹோரியா பட்ராஷ்குவின் குறுநாவலைத் தழுவி அவர் 1968இல் எடுத்த இரண்டாவது படத்தின் தலைப்பு, குற்றம் நடந்த விதத்தைக் குற்றவாளியையே மீண்டும் நடித்துக் காட்டச் செய்யும் விசாரணை முறையைக் குறிக்கும் சொல்லாகும். குடிபோதையில் உணவகம் ஒன்றில் அடிதடியில் இறங்கிய வூய்க்கா, ரிபு என்னும் இரண்டு இளைஞர்களை, மதுவின் கேட்டை விளக்கும் பிரச்சாரப் படத்துக்காக அதே இடத்தில் அதே சண்டையைத் திரும்பப் போடும்படி அரசு வழக்குரைஞர் ஒருவர் பணிக்கிறார். தண்டனையிலிருந்து தப்பலாம் என்னும் நம்பிக்கையில் இருவரும் இணங்குகின்றனர். வழக்குரைஞர் வெயிலில் இளைப்பாற, காவலர் அதட்ட, பக்கத்து மைதானத்துக் கால்பந்து ஆட்டத்தின் ஆரவாரம் அலையலையாக வந்து மோத, அடி உண்மையாக இல்லை என்று படப்பிடிப்பு மீண்டும் மீண்டும் நடக்கிறது. கடைசியில் அடி உண்மையாகவே விழுந்து வூய்க்கா இறந்துபோகிறான். ஆட்டம் முடிந்து வெளியேறும் கூட்டம் அவனருகே வந்து சேருகிறது. கேமராவையே அதிகாரத்தின் கைக்கருவியாகக் காட்டிய இந்தப் படத்தின் பொருள் அதிகாரிகளுக்கு விளங்காமல் போகவில்லை. 1970இல் திரைக்கு வந்த படம் சில வாரங்களிலேயே அகற்றப்பட்டது.

புலாந்திராவில் 1972இல் அவர் மேடையேற்றிய கோகலின் ‘அரசு ஆய்வாளர்’ நாடகமும் மூன்றே காட்சிகளில் நிறுத்தப்பட்டதால், அவர் பிரான்சிலும் அமெரிக்காவிலும் நாடகங்களையும் இசை நாடகங்களையும் இயக்கிப் பிழைக்க வேண்டியதாயிற்று. இடையில் ருமேனியாவுக்கு வந்து, கராஜியாலேயின் நாடகத்தைத் தழுவி அவர் எடுத்த படமும் முடிந்த கையோடு முடக்கப்பட்டு, ஆட்சி கவிழ்ந்த பிறகே வெளிவந்தது.

1989 டிசம்பர்ப் புரட்சிக்குப் பின் நாடு திரும்பிய அவர் எடுத்த ‘கருவாலி மரம்’ (1992), இரகசியக் காவல்துறையில் கர்னலாக இருந்த தந்தையின் சடலத்தருகே படுத்தபடி, பழைய வீட்டுப் படச்சுருளை ஓட்டிப் பார்க்கும் நேலாவில் தொடங்குகிறது. தந்தையின் சாம்பலை அவள் காப்பித்தூள் புட்டியில் இட்டுத் தூக்கிக்கொண்டு நாடெங்கும் அலைகிறாள். கட்டுக்கடங்காத கோபமும் கேலியும் கலந்த அந்தப் படத்தில் நேலாவாக மாயா மோர்கென்ஸ்டெர்ன் காட்டும் மூர்க்கம் இன்றும் பழசாகவில்லை. ‘முனையச் சொர்க்கம்’ 1998இல் வெனிஸ் விழாவின் நடுவர் சிறப்புப் பரிசைப் பெற்றது. இடைப்பட்ட படங்கள் எல்லாமே ஒரே தரத்தன என்று சொல்ல முடியாது.

கடைசி முழுநீளப் படமான ‘நிக்கியும் ஃபிளோவும்’ (2003), ஓய்வுபெற்ற கர்னல் ஒருவருக்கும், வாழ்வின் எந்தத் தருணத்தையும் விடியோவில் பிடிக்காமல் விடாத அவருடைய சம்பந்திக்கும் இடையில் முற்றும் பகையைச் சொல்கிறது. அதன் திரைக்கதையை எழுதியோருள் ஒருவரான கிறிஸ்டி புயு, 2005இல் ‘திரு லசரெஸ்குவின் மரணம்’ எடுத்து, ருமேனியப் புதிய அலை எனப்படும் இயக்கத்தை உலகறியச் செய்தார்.