முடக்கப்பட்ட கணக்கும் வணிகரின் உரிமையும்



தண்டையார்பேட்டையில், திருவொற்றியூர் நெடுஞ்சாலையை ஒட்டி ஒருவர் மளிகைக் கடை நடத்துகிறார் என வைத்துக்கொள்வோம். முன்பின் அறியாத ஒருவர் 1,800 ரூபாய்க்கு அரிசியும் எண்ணெயும் வாங்கி, அலைபேசி வழியாகப் பணம் செலுத்திச் செல்கிறார். சில நாட்களில் கடைக்காரர் கொடுத்திருந்த காசோலை திரும்பி வருகிறது. வங்கியில் விசாரித்தால், வெளிமாநிலக் காவல்துறை கேட்டுக்கொண்டபடி கணக்கு முடக்கப்பட்டுவிட்டது என்கின்றனர்!

நடந்தது என்ன? எங்கோ ஒருவரை ஏமாற்றிப் பறித்த பணம் பல கணக்குகளைக் கடந்து இவருடைய கணக்கை எட்டியிருக்கிறது. பணத்தை இழந்தவர் 1930 என்னும் எண்ணில் முறையிட, அப்பணம் சென்ற வழியிலுள்ள கணக்குகள் நிறுத்தப்படுகின்றன. இழந்தவருக்கும் நீதி கிடைக்க வேண்டுமன்றோ? ஆகவே, தடுப்பது தவறன்று. ஆனால் 1,800 ரூபாயின் பொருட்டு ஒரு கடையின் முழு முதலும் முடங்கலாமா? வேலையாட்களின் சம்பளமும் மொத்த வியாபாரிக்குத் தர வேண்டிய பாக்கியும் என்னாவது?

சட்டம் சொல்வது

வங்கிக் கணக்கும் காவல்துறை கைப்பற்றத்தக்க சொத்தே என்று உச்ச நீதிமன்றம் 1999இல் தீர்ப்பளித்தது. குற்ற விசாரணை நடைமுறைச் சட்டத்தின் 102ஆம் பிரிவு இவ்வதிகாரத்தைத் தந்தது. 2024 ஜூலை 1 முதல், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 106ஆம் பிரிவு அதன் இடத்தில் உள்ளது. அதிகாரத்தோடு கடமையும் உண்டு. கைப்பற்றியதைக் காவல்துறை உடனே நீதித்துறை நடுவருக்குத் தெரிவித்தாக வேண்டும்.

2024 செப்டம்பரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் முன் இத்தகைய வழக்கொன்று வந்தது. தெலுங்கானா இணையக் குற்றப் பிரிவினரின் வேண்டுகோளால் ஒருவரது கணக்கு ஓராண்டுக்கு மேல் முடங்கிக் கிடந்தது. ஐயத்துக்குரிய தொகை ஏறத்தாழ இரண்டரை இலட்சம்; கணக்கில் இருந்ததோ ஒன்பது இலட்சத்துக்கும் மேல்! அவர் ரிசர்வ் வங்கியையும் தம் வங்கியையும் எதிர்த்து வழக்காடினார். தொகையையும் காலத்தையும் வரையறுக்காமல் கணக்கு முழுவதையும் முடக்குவது வாழ்வாதார உரிமையைப் பாதிக்கும் என்று நீதியரசர் ஜி. ஜெயச்சந்திரன் சுட்டிக்காட்டினார். இரண்டரை இலட்சத்தை இருப்பில் வைத்துக்கொண்டு, எஞ்சியதைப் பயன்படுத்த வழிசெய்தார். 2023இல் கேரள உயர் நீதிமன்றமும் முடக்கத்தைச் சர்ச்சைக்குரிய தொகையோடு நிறுத்துமாறு வங்கிகளுக்கு உத்தரவிட்டிருந்தது.

செய்ய வேண்டியவை

கணக்கு முடங்கினால் பதற்றம் வேண்டாம். முடக்கச் சொன்ன காவல் நிலையம் எது, புகார் எண் என்ன, சர்ச்சைக்குரிய தொகை எவ்வளவு என்று வங்கியிடம் எழுத்து மூலம் கேளுங்கள். மனுவின் நகலில் வங்கியின் முத்திரையைப் பெற்றுக்கொள்ளுங்கள். பின்னர், விற்பனை ரசீதுகளை இணைத்து அக்காவல் நிலையத்துக்குப் பதிவுத் தபாலில் விளக்கம் அனுப்புங்கள். அத்தொகையை மட்டும் நிறுத்திவைத்து மற்றதை விடுவிக்குமாறு கேளுங்கள். பலனில்லையெனில் வழக்கறிஞரை அணுகி, நடுவர் நீதிமன்றத்திலோ உயர் நீதிமன்றத்திலோ பரிகாரம் தேடலாம். 'விடுவித்துத் தருகிறேன்' என்று இடையில் வந்து பணம் கேட்போரை நம்பாதீர்கள்.

இத்தனைக்கும் அடிப்படை, ஒழுங்காக எழுதி வைத்த கணக்கே. கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்கும்படி திருமறையின் 2:282ஆம் வசனம் நமக்குக் கற்பிக்கின்றது. நம்மில் எத்தனை கடைகளில் ஒவ்வொரு விற்பனைக்கும் ரசீது போடப்படுகிறது? 'நமக்குள் எதற்கு எழுத்து?' என்று விட்டுவிட்டால், நேர்மையாளரும் நேர்மையை நிரூபிக்க இயலாமல் திகைக்க நேரிடும்.

மற்றொன்றும் உண்டு. 'உங்கள் கணக்கில் பணம் வரும், எடுத்துக் கொடுத்தால் கமிஷன் தருகிறேன்' என்று இளைஞர்களை அணுகுவோர் பெருகிவிட்டனர். அறியாமல் பொருள் விற்ற வணிகருக்குச் சட்டம் துணை நிற்கும். கணக்கையே இரவல் கொடுத்தவரோ குற்றத்தின் பங்காளியாகக் கூண்டில் நிற்க நேரிடும். பெற்றோரே, இதனை உங்கள் பிள்ளைகளிடம் இன்றே எடுத்துரையுங்கள்!